பெல்டன் வீட்டு ஊற்றுத் தண்ணீர்

மேபலை அடக்கம் செய்துவிட்டு வந்தவர்கள் இன்னும் கறுப்பு உடையை மாற்றியிருக்கவில்லை. அதற்குள் கிணற்றுப் பம்பின் கைப்பிடியைக் கழற்ற ஆள் வந்துவிட்டது.

லெட்டி பெல்டன் அப்போது ப்ராதரோ வீட்டு அடுக்களையில், துக்கத்துக்கு வந்தவர்கள் சாப்பிட்ட தட்டுகளைக் கழுவிக்கொண்டிருந்தாள். கொல்லையில் இரும்போடு இரும்பு உரசும் சத்தம் கேட்டு ஜன்னல் வழியே எட்டிப் பார்த்தாள். ஊர்ச் சுகாதாரக் குழுவின் ஆட்கள் இரண்டு பேர் பம்பைப் பிடித்து உலுக்கிக்கொண்டிருந்தார்கள். இறந்துபோன பெண்ணின் அம்மா க்வென், தலையில் கட்டிய கறுப்புத் துணியோடு, கதவைத் தள்ளிக்கொண்டு வெளியே போனாள்.

"என்னய்யா பண்றீங்க? யாரு வீட்டுக் கெணறுன்னு நெனச்சீங்க?"

"கோவிச்சுக்காதீங்கம்மா. டைபாய்டு இந்தக் கெணறுகள்லேருந்துதான் பரவுதாம். மலைமேல இருக்கிற எல்லாத்தையும் மூடச் சொல்லி உத்தரவு."

"மூடிட்டு? நாங்க மழையை அண்ணாந்து பாத்து வாயத் தொறந்துக்கிட்டு நிக்கணுமா?"

"கீழ தெருக்குழாய்ல புடிச்சுக்கலாம். கம்பெனித் தண்ணி. சுத்தமான தண்ணி."

க்வெனின் கணவன் ஐவர் வாசற்படியில் உட்கார்ந்திருந்தான். நிலக்கரிச் சுரங்கத்தில் வேலை செய்கிறவன். பேச்சில் யாருக்கும் இளைத்தவனில்லை. அன்றைக்கு அவன் குரலில் உயிரே இல்லை. "ஆமாமா, ரொம்பச் சுத்தம். எங்க சுரங்கத்துல காலுக்குக் கீழ ஓடுற தண்ணி அதுக்குத் தேவலை. எடுத்துக்கிட்டுப் போங்கய்யா, எம்பொண்ணே போயாச்சு, இந்த இரும்பு இருந்து என்ன."

ஆட்கள் கைப்பிடியைக் கழற்றி வண்டியில் போட்டார்கள். அதில் அதைப் போலவே இன்னும் பல கைப்பிடிகள் கிடந்தன.

லெட்டிக்குக் கூச்சமாக இருந்தது. கார்விக் ஊருக்குத் தண்ணீர் கொடுக்கிற கம்பெனியின் மேலாளர் ஹோரஸ் பெல்டன் அவளுடைய அண்ணன். பெற்றோர் போன பிறகு அவனுக்குச் சமைத்துப் போட்டுக்கொண்டு அவன் வீட்டிலேயே இருந்துவிட்டவள் அவள். ஹோரஸும் கல்யாணம் கட்டிக்கொள்ளவில்லை, அவளும் கட்டிக்கொள்ளவில்லை. ஞாயிற்றுக்கிழமைகளில் தேவாலயத்தில் குழந்தைகளுக்குப் பைபிள் வகுப்பு எடுப்பாள். மேபல் அவளுடைய வகுப்புப் பெண். ஒன்பது வயது, மேல்வரிசையில் ஒரு பல் இல்லை, வாய் ஓயாது.

அந்த 1915-ஆம் வருஷத்து இலையுதிர்காலத்தில் அமெரிக்க மலையடிவார ஊரான கார்விக்கில் டைபாய்டு வராத தெரு இல்லை. கீழே ஆற்றோரத் தெருக்களிலும் வந்தது, மேலே சுரங்கக்காரர்களின் வீட்டு வரிசைகளிலும் வந்தது. கீழ்த்தெருக்களுக்குக் கம்பெனிக் குழாய் உண்டு. மலைமேல் கம்பெனி குழாய் போடவே இல்லை. அங்கே வீட்டுக்கு வீடு கிணறுதான். சுகாதாரக் குழுவின் தலைவர் வங்கிக்காரர், கம்பெனியில் பங்கு வைத்திருந்தவர். அவர் கண்ணுக்குக் கிணறு மட்டும்தான் பட்டது.

க்வென் அடுக்களைக்கு வந்து நாற்காலியில் தொப்பென்று உட்கார்ந்தாள். அழவில்லை. எதையோ கணக்குப் போடுகிறவள் போல மேசையை வெறித்தாள்.

"லெட்டி, ஒண்ணு எனக்கு விளங்கவே மாட்டேங்குது. இந்தக் கெணத்துத் தண்ணிய நான் குடிக்கிறேன், அவரு குடிக்கிறாரு, மூத்தவன் குடிக்கிறான், தொட்டில்ல கெடக்கிறது கூடக் குடிக்குது. பக்கத்து வீட்டுக்காரங்களும் இங்கதான் மொள்றாங்க. ஒருத்தருக்கும் ஒரு தலைவலிகூட வரல. மேபலுக்கு மட்டும் எப்படிடி வந்துச்சு?"

"வெளிய எங்கயாவது குடிச்சிருப்பா."

"பள்ளிக்கூடம் அப்ப தொறக்கவே இல்லியே. ஊர்ல கக்குவான் இருமல்னு நான் அவள வீட்டுக்குள்ளயே வெச்சிருந்தேன். அந்த மாசமே அவ மலைய விட்டுக் கீழ எறங்கினது உங்க ஞாயிறு வகுப்புப் பிக்னிக்குக்குத்தான். அதுக்கும் அழுது அடம் புடிச்சுல்ல போனா. வந்து ஒரே பெருமை. 'மிஸ் லெட்டி அவங்க பங்கு எலுமிச்சைச் சாற எனக்குக் குடுத்துட்டாங்கம்மா'ன்னு தூங்குற வரைக்கும் அதே பேச்சு."

லெட்டியின் கையில் இருந்த தட்டு தொட்டித் தண்ணீருக்குள் நழுவிப் போயிற்று.

"என்னடி?" என்றாள் க்வென்.

"ஒண்ணுமில்ல. சோப்பு வழுக்குது."

அதற்கு மேல் அவளால் அங்கே நிற்க முடியவில்லை. தலைவலி என்று சொல்லிவிட்டு மலைச்சரிவில் இறங்கினாள். இறங்க இறங்க அந்தப் பிக்னிக் நாளில் நடந்தது ஒவ்வொன்றாகக் கண்முன் வந்தது.

செப்டம்பர் தொடக்கம். மழை கண்டு எத்தனையோ வாரம் ஆகியிருந்தது. மலையில் இருந்த கம்பெனியின் நீர்த்தேக்கம் வற்றிச் சேறு தெரிகிறதென்று ஊரே பேசிக்கொண்டிருந்த சமயம். தேவாலயத் தோட்டத்தில் இரண்டு மரத்தொட்டி நிறைய எலுமிச்சைச் சாறு. பழம் பிழிந்தது அவள்தான். தேவாலயத்துக் கம்பெனிக் குழாயில் தண்ணீர் பிடித்து ஊற்றியதும் அவள்தான். அகப்பையால் மொண்டு மொண்டு பிள்ளைகளுக்குக் கொடுத்ததும் அவள்தான். எல்லோருக்கும் கொடுத்துவிட்டு, வியர்வை வழிய, தனக்கென்று ஒரு குவளை மொண்டு உதட்டருகே கொண்டுபோனபோது பின்னாலிருந்து ஒரு கை வந்து அதைப் பிடித்தது.

ஹோரஸ். கடுகடுவென்ற முகத்தோடு குவளையைப் பிடுங்கி மேசையில் வைத்தான். "உனக்கு வயிறு ஆகாது. வீட்டுல ஊத்துத் தண்ணி இருக்குல்ல, போய் அதக் குடி" என்றான். பிள்ளைகள் சிரித்தார்கள். லெட்டிக்கு அவமானமாகப் போயிற்று. மேபல் ஓடி வந்து, பல் போன இடம் தெரியச் சிரித்து, "அப்ப உங்க பங்கும் எனக்குத்தான் மிஸ் லெட்டி!" என்று குவளையை எடுத்துக்கொண்டாள்.

ஹோரஸ் அதைப் பார்த்துக்கொண்டுதான் நின்றான். தடுக்கவில்லை. தொப்பியைச் சரிசெய்துகொண்டு வேறு பக்கம் திரும்பி, பாதிரியாரோடு வானிலை பற்றிப் பேசப் போய்விட்டான்.

ஆகஸ்ட் கடைசியிலிருந்தே அவர்கள் வீட்டுக்குப் பெரிய கண்ணாடிக் குடுவைகளில் ஊற்றுத் தண்ணீர் வண்டியில் வந்துகொண்டிருந்தது. உன் வயிற்றுக்கு நல்லது என்று சொன்னான். அவளும் நம்பினாள். சமையலுக்குக்கூட அதையே எடு என்றான். அண்ணனுக்குத் தன்மேல் இவ்வளவு அக்கறையா என்று உள்ளுக்குள் நெகிழ்ந்துகூடப் போனாள். இப்போது நினைத்துப் பார்த்தால், அதே வண்டி கம்பெனிக் கணக்கர் வீட்டு வாசலிலும், வங்கிக்காரர் வீட்டு வாசலிலும் நின்றதை அவள் கண்ணால் பார்த்திருக்கிறாள். அவர்களுக்கும் வயிறு ஆகாதா?

நடுவழியில் நின்றாள். ஒரு வேலியைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் அப்படியே நின்றுவிட்டுத்தான் வீட்டுக்குப் போக முடிந்தது.

ஹோரஸ் மாலையில் வந்தபோது மேசையில் எப்போதும் போலச் சாப்பாடு வைத்திருந்தாள். மாட்டிறைச்சியும் உருளைக்கிழங்கும். பக்கத்தில் ஒரு குவளைத் தண்ணீர். அவன் உட்கார்ந்து, துண்டை மடியில் போட்டுக்கொண்டு, குவளையைத் தூக்கினான். நாலடி தள்ளி மூலையில் இருந்த குடுவையின் மூடி திறக்கப்படாமல் இருந்ததைப் பார்த்தான். குவளையை வெளிச்சத்தில் பிடித்து உற்றுப் பார்த்தான். மெதுவாகக் கீழே வைத்தான்.

"இது எங்க புடிச்சது?"

"நம்ம குழாய்ல. உன் கம்பெனித் தண்ணி. குடி."

"லெட்டி..."

"குடி ஹோரஸ். சுத்தமான தண்ணின்னு போஸ்டர் அடிச்சு ஊரெல்லாம் ஒட்டியிருக்கீங்களே."

அவன் குவளையைத் தொடவில்லை. அந்த ஒரு கணத்தில் லெட்டிக்கு எல்லாம் தெரிந்துபோயிற்று. இல்லை, நீ நினைக்கிறது தப்பு என்று சொல்லி அவன் மடமடவென்று குடித்துவிடமாட்டானா என்று அதுவரைக்கும் அவளுக்குள் ஒரு ஆசை இருந்தது. அது செத்தது.

"ஆத்துத் தண்ணியக் குழாய்ல விடுற அந்த வால்வத் தொறந்துட்டியா?"

"ஆமா" என்றான். "நீர்த்தேக்கத்துல ஒண்ணுமில்ல. தீயணைக்கிற குழாய்ல அழுத்தம் கொறைஞ்சா ஊரோட போட்ட ஒப்பந்தமே செல்லாது. ஒரு வீடு தீப்புடிச்சா என்ன பண்ணுவ? நியூயார்க்குல நம்ம தலைமை ஆபீஸுக்கு ரெண்டு தடவ தந்தி குடுத்தேன். மேல இருக்கிற ஊருங்களோட கழிவு அத்தனையும் இந்த ஆத்துலதான் விழுது, பிளீச்சிங் பவுடராவது அனுப்புங்கன்னு கெஞ்சினேன். அழுத்தத்தக் கொறைக்காதே, சனங்களப் பயமுறுத்தாதேன்னு பதில் வந்துச்சு."

"சரி. அவங்க நியூயார்க்குல இருக்காங்க. நீ இங்கதானே இருந்த? கொதிக்க வெச்சுக் குடிங்கன்னு ஒரு வார்த்த. தேவாலயத்துல எழுந்து நின்னு ஒரே ஒரு வார்த்த சொல்லியிருந்தா?"

"சொன்னா அன்னிக்கே வேல போயிருக்கும். நாலு நாள் வயித்தால போகும், மழை வந்ததும் மூடிடலாம்னு நெனச்சேன். இப்படி ஆகும்னு சத்தியமா நெனைக்கல."

"நெனைக்கலியா? அப்ப எதுக்கு என் கையிலேருந்து குவளையப் புடுங்கின?"

"நீ என் தங்கச்சி."

அதைச் சொல்லும்போது அவன் கண் கலங்கியது. லெட்டிக்கு அதுதான் தாங்க முடியாமல் போயிற்று. பொய் சொல்லியிருந்தால், கத்தியிருந்தால்கூடப் பொறுத்திருப்பாள். அன்பாகப் பேசுகிறான். அந்த அன்புக்குள்ளேதான் மேபல் செத்துக் கிடந்தாள்.

"இப்பவாவது மூடிட்டியா?"

"மூடிட்டேன். மழை பெஞ்ச அன்னிக்கே மூடிட்டேன்."

"அப்பறம் எதுக்குக் கெணத்து மேல பழியப் போட்டீங்க?"

லெட்டி மாடிக்குப் போய் ஒரு பெட்டியில் துணிகளைத் திணித்துக்கொண்டு இறங்கி வந்தாள். ஹோரஸ் அதே இடத்தில், தொடாத சாப்பாட்டுக்கு முன்னால் உட்கார்ந்திருந்தான்.

இருட்டுவதற்குள் மறுபடி மலை ஏறினாள். வழியெல்லாம் எப்படிச் சொல்வதென்று யோசித்துக்கொண்டே போனாள். க்வென் கதவைத் திறந்ததும் யோசித்ததெல்லாம் பறந்துபோய், நின்ற இடத்திலேயே எல்லாவற்றையும் கொட்டிவிட்டாள். வால்வு, தந்தி, ஊற்றுத் தண்ணீர், தேவாலயக் குழாய். கடைசியில் குவளை.

க்வென் கேட்டுக்கொண்டே நின்றாள். உள்ளே தொட்டில் பிள்ளை சிணுங்கியது. அவள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

"உன் கையாலயா?" என்றாள்.

"என் கையால."

"உனக்குத் தெரியாதுல்ல?"

"தெரியாது க்வென். கடவுள் மேல ஆணையா."

"தெரியும். உனக்குத் தெரியாதுன்னு எனக்குத் தெரியும்." அவள் கதவு நிலையைப் பிடித்துக்கொண்டு அப்படியே சரிந்து தரையில் உட்கார்ந்தாள். "தெரிஞ்சு என்னடி பிரயோசனம்? உன்னப் பாத்தா இனிமே எனக்கு அந்தக் குவளைதானே தெரியும்?"

உள்ளே உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்த ஐவர் எழுந்து கோட்டை மாட்டிக்கொண்டான். ஹோரஸ் வீட்டுக்குத்தான் போகப் போகிறான் என்று இரண்டு பெண்களுக்கும் புரிந்தது. க்வென் தரையில் இருந்தபடியே அவன் காலைப் பிடித்துக்கொண்டாள்.

"அவன் பல்ல ஒடைச்சுட்டு நீ ஜெயிலுக்குப் போ. கம்பெனிக்காரன் கைதட்டிச் சிரிப்பான். ஒக்காரு. இவ சொல்லட்டும். சொல்ல வேண்டிய எடத்துல இவ சொல்லட்டும்."

சொல்ல வேண்டிய இடம் ஒன்று அப்போதுதான் புதிதாக வந்திருந்தது. ரயில், தண்ணீர், கேஸ், மின்சாரம், டிராம் என்று ஊருக்குச் சேவை செய்கிற கம்பெனிகளைக் கேள்வி கேட்க மாநிலம் ஒரு ஆணையத்தை ஏற்படுத்தியிருந்தது. அதற்கு முன்னெல்லாம் கம்பெனியோடு தகராறு என்றால் நகர சபையில் கத்திவிட்டு வீட்டுக்குப் போக வேண்டியதுதான். டாக்டர் ஃபாக் என்கிற ஊர் மருத்துவர், ஆற்றுத் தண்ணீர் மேல் தனக்குச் சந்தேகம் என்று அந்த ஆணையத்துக்குப் புகார் அனுப்பியிருந்தார். ஆற்று வால்வைத் திறக்கவே இல்லை என்று கம்பெனி பதில் கொடுத்திருந்தது. நவம்பரில் விசாரணை.

லெட்டி அதுவரைக்கும் ப்ராதரோ வீட்டிலேயே தங்கினாள். க்வென் அவளை இரு என்றும் சொல்லவில்லை, போ என்றும் சொல்லவில்லை. சேர்ந்து ரொட்டி சுட்டார்கள், சேர்ந்து கீழே இறங்கித் தெருக்குழாயில் தண்ணீர் பிடித்துவந்து கொதிக்க வைத்தார்கள். சில நாள் க்வென் பேசுவாள். சில நாள் லெட்டி அறைக்குள் வந்தால் எழுந்து வெளியே போய்விடுவாள்.

விசாரணை நாளில் நீதிமன்றக் கூடத்தில் நிற்க இடமில்லை. ஆணையத்திலிருந்து மூன்று பேர் ரயிலில் வந்திருந்தார்கள். நடுவில் உட்கார்ந்தவர் டில்லிங்ஹாம், நரைத்த மீசை, சளியால் அடைத்த குரல். கம்பெனிக்காக நியூயார்க்கிலிருந்து ஸ்டான்வுட் என்ற வழக்கறிஞர் வந்திருந்தார். பார்க்கக் கனிவான மனிதர். லெட்டி சொல்லி முடித்ததும் அவர் எழுந்து தலை குனிந்து வணங்கினார்.

"மிஸ் பெல்டன், ரொம்ப வேதனையான விஷயம். நீங்க கிருமிகளப் பத்திப் படிச்சிருக்கீங்களா?"

"இல்ல."

"வால்வத் தொறந்தத நீங்க நேர்ல பாத்தீங்களா?"

"இல்ல. தொறந்தவரு சொன்னாரு."

"உங்க அண்ணனோட சண்டை போட்டுட்டு வீட்ட விட்டுப் போயிட்டீங்கன்னு கேள்விப்பட்டேன். குழந்தைங்க செத்துப்போன துக்கத்துல மனசு கொஞ்சம் தடுமாறியிருக்கு, இல்லியா? பாசமா ஒருத்தர் குவளைய வாங்கி வெச்சாரு. அதப் போய்ப் பெரிய சதியா ஆக்குறீங்க."

பின்வரிசையில் யாரோ, "அப்ப நீ இப்ப ஒரு குவளை குடிச்சுக் காட்டுய்யா!" என்று கத்தினார்கள். கூடம் சிரித்தது. ஸ்டான்வுட்டும் சிரித்தார்.

லெட்டி சிரிக்கவில்லை. "அவரு பாசமாத்தான் வாங்கி வெச்சாரு" என்றாள். "அதத்தான் நானும் சொல்றேன். அவருக்குப் பாசம் இருந்த எடத்துக்கெல்லாம் ஊத்துத் தண்ணி போச்சு. மத்தவங்களுக்கு ஆத்துத் தண்ணி போச்சு."

அடுத்து ஹோரஸைக் கூப்பிட்டார்கள். அவன் மெலிந்திருந்தான். சட்டைக் கழுத்து தளர்ந்து தொங்கியது. யாரும் கஞ்சி போட்டுத் தேய்த்துக் கொடுக்கவில்லை என்று லெட்டிக்குத் தெரிந்தது. அந்த நினைப்பு வந்ததற்காகத் தன்மேலேயே கோபம் வந்தது.

"மிஸ்டர் பெல்டன், ஆகஸ்ட், செப்டம்பர் மாசங்கள்ல ஆத்து வால்வு மூடியேதானே இருந்துச்சு?" என்று ஸ்டான்வுட் கேட்டார். பதில் முன்கூட்டியே தெரிந்தவர் கேட்கிற விதத்தில், தாள்களை அடுக்கிக்கொண்டே கேட்டார்.

"இல்ல."

ஸ்டான்வுட் நிமிர்ந்தார். "கேள்வி உங்களுக்குச் சரியாக் காதுல விழல போல..."

"விழுந்துச்சு. வால்வு தொறந்திருந்துச்சு. தொறந்தது நான். மேலேருந்து தொறந்தே வைக்கச் சொன்னாங்க. வாய மூடிக்கிட்டு இருந்ததும் நான்தான். என் தங்கச்சி சொன்னது அத்தனையும் நெசம்."

கூடத்தில் எங்கோ ஒரு ஆண் தேம்பினான். அதோடு எல்லோரும் ஒரே நேரத்தில் எழுந்தார்கள். நாற்காலிகள் விழுந்தன. ஐவரை மூன்று பேர் பிடித்துக்கொண்டார்கள். டில்லிங்ஹாம் மேசையைத் தட்டித் தட்டிக் கை ஓய்ந்து, கடைசியில் ஹோரஸைப் பின்வாசல் வழியாகக் கூட்டிப்போகச் சொன்னார்.

அன்றைக்கு ஊர் தலைநிமிர்ந்து நடந்தது. கம்பெனி தோற்றுவிட்டது, இனி என்ன, இழுத்துப் பூட்டிவிடுவார்கள், பெரிய முதலாளிகளைக் கைது செய்வார்கள் என்று கடைக்குக் கடை பேச்சு. க்வென்கூட அன்று இரவுச் சாப்பாட்டில் லெட்டியின் தட்டில் தானே இறைச்சி எடுத்து வைத்தாள்.

தீர்ப்பு பிப்ரவரியில் வந்தது. டில்லிங்ஹாமே வந்து அதே கூடத்தில் வாசித்தார். ஆற்று வால்வை நிரந்தரமாக அடைக்க வேண்டும். ஒரு வருஷத்துக்குள் மணல் வடிகட்டி கட்ட வேண்டும். தண்ணீரில் கிருமி கொல்லும் மருந்து கலக்க வேண்டும். கிணறுகள் மேல் சொன்ன குற்றச்சாட்டு ஆதாரமற்றது. ஒவ்வொன்றுக்கும் ஜனங்கள் கைதட்டினார்கள். பிறகு, கட்டணம் பற்றி வாசித்தார்.

வடிகட்டி கட்டுகிற செலவு கம்பெனியின் சொத்து மதிப்போடு சேரும். அந்தச் சொத்துக்கு நியாயமான லாபம் ஈட்டக் கம்பெனிக்கு உரிமை உண்டு. ஆகவே வீட்டுக் குழாய்க் கட்டணம் மூன்றில் ஒரு பங்கு கூடும்.

கைதட்டத் தூக்கிய கைகள் அந்தரத்தில் நின்றன. சரியாகத்தான் கேட்டோமா என்று ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள்.

க்வென் எழுந்தாள். "ஐயா, எனக்குப் படிப்பு கிடையாது. தப்பாப் புரிஞ்சுக்கிட்டேனான்னு சொல்லுங்க. எம்பொண்ணக் கொன்னுட்டாங்க. இனிமே கொல்லாம இருக்க ஒரு வடிகட்டி கட்டப் போறாங்க. அதுக்குப் பணமும் ஊர்ச்சனங்க நாங்க குடுக்கணும், அதுக்கு மேல லாபமும் நாங்கதான் குடுக்கணும். அப்படித்தானே?"

டில்லிங்ஹாம் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார். பதில் சொல்லாமல் போயிருக்கலாம். அவர் போகவில்லை.

"நீங்க தப்பாப் புரிஞ்சுக்கலம்மா. சட்டம் எங்க கையில குடுத்திருக்கிறது அவ்வளவுதான். தண்டிக்கிற அதிகாரம் எங்களுக்கு இல்ல. ஒரு கம்பெனி நல்ல தண்ணி குடுக்கணும்னு சொல்லலாம், என்ன வெலைக்குன்னு சொல்லலாம். அது போட்ட முதலுக்கு லாபம் இல்லாம வெலை வெச்சோம்னா, கோர்ட் நாளைக்கே எங்க உத்தரவத் தூக்கி எறிஞ்சிடும். அப்ப வடிகட்டியும் வராது."

"செத்தவங்களுக்கு?" என்று கேட்டாள் லெட்டி.

"தனித்தனியா வழக்குப் போடலாம். எந்தக் குவளையில எந்தக் கிருமி இருந்துச்சுன்னு நிரூபிக்கச் சொல்லுவாங்க." அவர் குரல் இறங்கிப்போயிற்று. "எனக்கும் பேரப்பிள்ளைங்க இருக்காங்கம்மா."

ஜனங்கள் கத்தவில்லை. கத்துவார்கள் என்று லெட்டி நினைத்திருந்தாள். அடி வாங்கியவர்கள் போல, வாய் திறந்தபடி, ஒருவர் பின் ஒருவராகப் பனியில் இறங்கி நடந்தார்கள். ஐவர் மட்டும் படியில் நின்று, "கம்பெனிக்காரனுக்கும் குத்தமில்ல, சட்டத்துக்கும் குத்தமில்ல, தாகம் எடுத்துச்சு பாரு எம்புள்ளைக்கு, அதுதான் குத்தம்" என்று யாரிடமென்றில்லாமல் சொன்னான்.

கம்பெனி ஹோரஸை விசாரணைக்கு மறுநாளே வேலையைவிட்டு எடுத்திருந்தது. உண்மையைச் சொன்னதற்காக எடுத்தார்களே தவிர, வால்வைத் திறந்ததற்காக இல்லை. திறந்தே வைக்கச் சொல்லித் தந்தி கொடுத்தவர்கள் நியூயார்க்கில் அவரவர் நாற்காலியிலேயே இருந்தார்கள். மார்ச்சில் ஹோரஸ் வீட்டை விற்றுவிட்டு மேற்கே போகிறான் என்று கேள்விப்பட்டு லெட்டி ரயில் நிலையத்துக்குப் போனாள். போக வேண்டுமென்று எப்போது முடிவு செய்தாளென்று அவளுக்கே தெரியவில்லை. காலையில் எழுந்தபோது கால்கள் அந்தப் பக்கம் நடந்தன.

அவன் பெஞ்சில் ஒற்றைப் பெட்டியோடு உட்கார்ந்திருந்தான். அவளைப் பார்த்ததும் எழுந்து நின்று தொப்பியைக் கழற்றினான், அந்நியப் பெண்ணுக்குக் கழற்றுவது போல.

"நீயும் வந்துடேன் லெட்டி. ஐடஹோவுல வாய்க்கால் வெட்டுறாங்க. வேல கிடைக்கும். இங்க உனக்கு யாரு இருக்கா?"

"நான் வரல."

"ஒண்ணு கேக்கணும். ராத்திரியெல்லாம் அதேதான் ஓடுது. அன்னிக்கு உன் கையில இருந்தத நான் வாங்காம விட்டிருந்தா உனக்கு என் மேல இவ்வளவு வெறுப்பு வந்திருக்காதா?"

லெட்டி தண்டவாளத்தைப் பார்த்தாள். "நான் குடிச்சிருந்தா செத்திருப்பேனோ பொழச்சிருப்பேனோ. ஆனா இந்த ஊர்ல ஒருத்தியா இருந்திருப்பேன். நீ என்னக் காப்பாத்தல ஹோரஸ். தனியா எடுத்து வெச்சுட்ட."

ரயில் வந்தது. அவன் கையை நீட்டினான். அவள் பிடித்துக்கொண்டாள், அவன் கை குளிர்ந்து கிடந்தது. வண்டி வளைவில் திரும்பி மறைகிற வரைக்கும் நின்றுவிட்டு, அங்கேயே பெஞ்சில் உட்கார்ந்து அழுதாள். மேபல் செத்ததிலிருந்து அவள் அழுதது அன்றைக்குத்தான்.

அழுது முடித்து நேராகத் தேவாலயத்தின் கீழறைக்குப் போனாள். அங்கே பெண்கள் கூடியிருந்தார்கள். கம்பெனியிடமிருந்து தண்ணீர்க் குழாய்களை ஊரே விலைக்கு வாங்கிவிட வேண்டும், அதற்கு வாக்கெடுப்பு வேண்டும் என்று க்வென் இரண்டு வாரமாக வீடு வீடாக ஏறி இறங்கிக்கொண்டிருந்தாள். அவர்களில் ஒருத்திக்கும் வாக்குரிமை கிடையாது. வாக்குப் போடுகிற ஆண்களை வீட்டில் சாப்பாட்டு மேசையில் வைத்துப் பிடித்துக்கொள்வதாகத் திட்டம்.

"என் வீட்டுக்காரரு கம்பெனில பங்கு வெச்சிருக்கிற வங்கிக்காரருகிட்ட கடன் வாங்கியிருக்காரு, அவரு எதிர்த்துத்தான் போடுவாரு" என்று ஒருத்தி முனகிக்கொண்டிருந்தாள்.

"அப்ப அவருக்கு மட்டும் கொதிக்க வைக்காத தண்ணியக் குடு" என்றாள் க்வென். சிரிப்பு எழும்பி, பாதியில் எல்லோரும் திடுக்கிட்டு நிறுத்திக்கொண்டார்கள். க்வெனே தான் சொன்னதைக் கேட்டு வாயில் கை வைத்துக்கொண்டாள்.

அந்தச் சமயத்தில்தான் லெட்டி வாசலில் வந்து நின்றாள். அழுது வீங்கிய முகம். பெண்கள் பேச்சை நிறுத்தினார்கள். சிலர் தரையைப் பார்த்தார்கள். அந்த அறையில் பிள்ளையைப் பறிகொடுத்தவர்கள் க்வெனைத் தவிர இன்னும் இரண்டு பேர் இருந்தார்கள். அந்தப் பிள்ளைகளுக்கும் மொண்டு கொடுத்தது அவள்தான்.

க்வென் அவளை நிமிர்ந்து பார்த்தாள். அந்தப் பார்வையில் எது இருந்தது, எது இல்லை என்று லெட்டியால் சொல்ல முடியவில்லை.

"போயிட்டானா?" என்றாள்.

"போயிட்டான்."

"நல்லது." க்வென் பக்கத்து நாற்காலியில் கிடந்த சால்வையை எடுத்து மடியில் போட்டுக்கொண்டாள். "வா, வந்து ஒக்காரு. ஆத்தங்கரைத் தெருவுல பேச ஆளில்ல. அந்த வீட்டுக்காரங்க மலைக்காரின்னு என்னை வாசல்லயே நிறுத்திடறாங்க. நீ பேசினா கேப்பாங்க."

அந்த வருஷத்து வாக்கெடுப்பில் அவர்கள் தோற்றார்கள். அடுத்த வருஷமும் தோற்றார்கள். போர் முடிந்து ஆண்கள் திரும்பி வந்த பிறகு, பெண்களும் வாக்குப் போட்ட முதல் தேர்தலில், கார்விக் தன் தண்ணீரை வாங்கிக்கொண்டது. வடிகட்டிக்கும் சேர்த்துத்தான் கம்பெனி விலை கேட்டது. கொடுத்தார்கள்.